கூட்டுறவுச் சங்க நிலுவையும் நீதிப்பேராணையும்



கூட்டுறவுச் சங்கம் தர வேண்டிய பால் கொள்முதல் தொகைக்கும் முதிர்ந்த வைப்புத்தொகைக்கும், அரசு அமைப்புகளைச் சட்டக் கடமையாற்றப் பணிக்கும் உயர்நீதிமன்ற உத்தரவான நீதிப்பேராணையை நாடலாமா என்னும் கேள்வி, உறுப்பினர்களின் வாழ்வாதாரத்தோடு நேரடியாகத் தொடர்புடையது.

சட்டப்படி பதிவு பெற்றதாலும் அரசின் மேற்பார்வையில் இருப்பதாலும் மட்டுமே ஒரு சங்கம், அரசியலமைப்பின் 12-ஆம் பிரிவு குறிக்கும் ‘அரசு’ ஆகிவிடாது. எனினும், ‘எந்த நபருக்கும்’ ஆணையிட 226-ஆம் பிரிவு இடமளிப்பதால், சட்டம் விதித்த பொதுக்கடமையைச் சங்கம் மீறும்போது உயர்நீதிமன்றம் தலையிடலாம் என்பதைச் சென்னை உயர்நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2006-இல் தெளிவுபடுத்தியது.

வெறும் ஒப்பந்த நிலுவை இவ்வரம்புக்குள் எளிதில் அடங்காது. அதற்கு, சங்கத்தின் வணிகம் சார்ந்த பூசல்களைப் பதிவாளர் தீர்க்க வழிசெய்யும் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 1983-இன் 90-ஆம் பிரிவே உரிய வழியாகும். ஆனால் அவ்வழியில் மனுக்கள் முடிவின்றித் தேங்கினால், மாற்றுத் தீர்வு உண்டு என்று கூறி உறுப்பினரைத் திருப்பி அனுப்புவது நீதியாகாது. பதிவாளர் பொது அதிகாரி என்பதால், குறித்த காலத்துக்குள் முடிவெடுக்குமாறு அவருக்கு ஆணையிட நீதிமன்றங்கள் தயங்கக் கூடாது; அத்தகைய காலவரம்பை அரசே விதிகளில் உறுதிசெய்து நடைமுறைப்படுத்துவது இன்றியமையாதது.

வாசகர், நாமக்கல்