அனந்தசரஸின் நாட்காட்டி
காலம் வேறு கணக்கில் ஓடும் நீர்நிலை என்றால் எனக்கு நினைவுக்கு வருவது காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கோயிலின் அனந்தசரஸ் குளம்தான். அதனடியில் பள்ளிகொண்ட அத்திவரதருக்கு 40 ஆண்டு என்பது ஓர் உறக்கம். 1979-ல் அவர் நீருக்குள் இறங்கியபோது ஸ்ரீபெரும்புதூரும் ஒரகடமும் ஏரிப்பாசன ஊர்கள். 2019 ஜூலை 1-ல் மீண்டும் தரிசனம் தந்தபோது இருங்காட்டுக்கோட்டையில் கார்கள் உருண்டு வரத் தொடங்கி இருபது ஆண்டு கடந்திருந்தது. இடையில் நோக்கியா ஆலை 2006-ல் உற்பத்தியைத் தொடங்கி, ஆயிரக்கணக்கான இளம்பெண்களுக்கு வேலை தந்து, 2014 நவம்பரில் மூடியும் விட்டது. அத்தனையும் அந்த ஒரே உறக்கத்துக்குள்! ஆயுசுக்கும் வேலை என்று நம்பி ஊரைவிட்டு வந்தவர்களுக்கு ஒன்பது ஆண்டுகூட நிறையவில்லை. அதை நினைத்தால் இன்னும் மனம் ஆறவில்லை. ஷிப்டுக்கு எட்டு மணி நேரம் என்று காலத்தை அளக்கும் இந்தத் தொழிற்பட்டையில், நிலம் ஒதுக்கும்போதும் ஏரியின் வரத்துக்கால்வாயில் கைவைக்கும்போதும் அரசு அந்தக் குளத்தின் கணக்கையும் கையில் வைத்துக்கொள்ள வேண்டும். ஒப்பந்தத் தொழிலாளியை எத்தனை ஆண்டு ஒப்பந்தத்திலேயே வைத்திருப்பது என்று முடிவெடுக்கும்போதும்தான். தரிசனம் தொடங்கிய 48-ஆம் நாள், 2019 ஆகஸ்ட் 17-ல், அத்திவரதர் மறுபடி நீருக்குள் போனார். அடுத்த தரிசனம் 2059-ல். 2019-ல் 20 வயதில் ஒரகடத்தில் அப்ரண்டிஸாகச் சேர்ந்த பிள்ளைக்கு அப்போது வயது 60.