ஷாங்காய் டிராகன்ஸ் அணியின் 2018 பருவம்

ஷாங்காய் டிராகன்ஸ் என்பது ஓவர்வாட்ச் லீக் என்னும் மின்விளையாட்டுத் தொடரில் பங்கேற்ற சீன அணியாகும். 2018இல் நடைபெற்ற முதற் பருவத்தில் 12 அணிகள் அத்திலாந்திக், பசிபிக் என இரு பிரிவுகளாகப் பிரிக்கப்பட்டிருந்தன. இவ்வணி தான் ஆடிய 40 போட்டிகளிலும் தோல்வியுற்று, பசிபிக் பிரிவின் ஆறு அணிகளுள் இறுதி இடம் பெற்றது.

தோல்விக்கான காரணங்கள்

தொடக்கத்தில் அணியில் சீன வீரர்கள் மட்டுமே இருந்தனர். அக்காலத்தில் இவ்விளையாட்டில் தென்கொரிய வீரர்களே மேலோங்கியிருந்தனர். பருவத்தின் இடையில் கொரிய வீரர்கள் சிலர் சேர்க்கப்பட்டனர். அவர்களுள் கெகுரி இத்தொடரின் முதல் வீராங்கனை ஆவார். ஆயினும் நொடிக்கு நொடி பேசி ஆட வேண்டிய விளையாட்டில், இருமொழி அணிக்கு ஒருங்கிணைப்பு எளிதாக அமையவில்லை.

பின்விளைவுகள்

தொடரில் தரமிறக்கும் முறை இல்லாததால் அணி தன் இடத்தை இழக்கவில்லை. பருவத்தின் பின்னர் பெரும்பாலான வீரர்கள் மாற்றப்பட்டனர். 2019 பருவத்தின் முதல் இரு போட்டிகளையும் சேர்த்து, தொடர் தோல்விகள் 42 ஆயின. 2019 பெப்ரவரி 22 அன்று பாஸ்டன் அப்ரைசிங் அணியை 3–1 என வென்று, அணி தனது முதல் வெற்றியைப் பெற்றது. 2021 இறுதிப் போட்டியில் அட்லாண்டா ரெய்ன் அணியை 4–0 என வென்று வாகையர் ஆனது.