நள்ளிரவில் எழும் பெரியவர்



இப்பகுதிக்கு வரும் மடல்களில் ஒரு வகை உண்டு. நோயாளி ஆடவர், மடல் எழுதுபவரோ அவருடைய மனைவி அல்லது மருமகள். "இரவில் நான்கைந்து முறை எழுகிறார். கேட்டால் வயதாகிவிட்டது என்கிறார். மருத்துவரிடம் வரச் சொன்னால் கோபிக்கிறார்" என்பதே அம்மடல்களின் சாரம். இத்தகைய பெரியவர்களை நம் பங்குகளிலும் காணலாம். ஞாயிறு திருப்பலிக்கு வந்தால் பக்கவாசலை ஒட்டிய இடத்தையே நாடுவார்கள். வேளாங்கண்ணிக்குப் பேருந்தில் போகலாம் என்றால் ஏதேனும் ஒரு சாக்குச் சொல்லித் தவிர்ப்பார்கள். மாலை ஆறு மணிக்குப் பின் தண்ணீர்ச் செம்பைத் தொடவே மாட்டார்கள். பாவசங்கீர்த்தனத்தில் குருவானவரிடம் எதையும் ஒளிக்காத மனிதர், தம் சிறுநீர்த் தொல்லையை மருத்துவரிடம் சொல்ல நாணுகிறார்.

அந்த நாணத்துக்கு அடியில் பெரும்பாலும் ஓர் அச்சம் இருக்கிறது. மருத்துவர் அறைக்குள் என்ன செய்வார்களோ என்னும் அச்சம் அது. ஆகவே புராஸ்டேட் சுரப்பி வீக்கத்தின் கடுமையை மருத்துவர்கள் எவ்வாறு கண்டறிகின்றனர் என்பதை இத்திங்கள் விளக்க முற்படுகிறோம். மருந்துகளையும் அறுவை மருத்துவத்தையும் பற்றிப் பிறிதொரு முறை பார்ப்போம்.

புராஸ்டேட் என்பது ஆடவருக்கு மட்டுமே உள்ள சுரப்பி. சிறுநீர்ப்பையின் கழுத்துக்குக் கீழே, சிறுநீர் வெளியேறும் குழாயைச் சுற்றி, விரலில் மோதிரம் போல் அமைந்துள்ளது. இளமையில் இதன் எடை ஏறத்தாழ 20 கிராம். நடுவயதுக்குப் பின் இது மெல்ல வளரத் தொடங்குகிறது. ஐம்பதுகளில் இருக்கும் ஆடவருள் ஏறத்தாழப் பாதிப்பேரிடமும், எண்பதைக் கடந்தவர்களுள் மிகப் பெரும்பாலோரிடமும் இவ்வளர்ச்சியைக் காணலாம். இது புற்றுநோய் அன்று. புற்றுநோயாக மாறுவதும் இல்லை. ஆனால் மோதிரம் இறுகினால் விரல் நோவது போல, சுரப்பி பெருத்தால் நடுவிலுள்ள குழாய் நெருக்குண்கிறது.

இங்கே பலரும் அறியாத ஒன்று உண்டு. சுரப்பி எவ்வளவு பெருத்திருக்கிறதோ அவ்வளவு தொல்லை என்று கணக்கிட இயலாது. நூறு கிராம் எடையுள்ள சுரப்பியோடு நிம்மதியாக உறங்குபவரும் உண்டு. முப்பது கிராம் சுரப்பி குழாயின் வாயில் நடுமடலாகத் துருத்திக்கொண்டு அடைப்பதால் துன்புறுபவரும் உண்டு. ஆதலால், "ஸ்கேனில் பெரிதாக இருக்கிறதாம்" என்று கேட்டவுடன் கலங்குவதும், "சிறிதுதானாம்" என்று கேட்டு வாளாவிருப்பதும் ஒன்று போலவே பிழையானவை.

நோயறிதலின் முதற்படி வெறும் உரையாடல்தான். அமெரிக்கச் சிறுநீரக மருத்துவச் சங்கத்தினர் 1992-ஆம் ஆண்டு வகுத்த ஏழு வினாக்கள் இன்று உலகெங்கும் பயன்படுகின்றன. கடந்த ஒரு மாத அனுபவத்தை வைத்தே விடை கூறவேண்டும். சிறுநீர் கழித்த பின்னும் முழுதும் வெளியேறவில்லை என்னும் உணர்வு இருந்ததா? இரண்டு மணி நேரத்துக்குள் மீண்டும் போக நேர்ந்ததா? விட்டு விட்டு வந்ததா? உணர்வு தோன்றியதும் அடக்குவது கடினமாயிருந்ததா? தாரை மெலிந்ததா? தொடங்குவதற்கு முக்க வேண்டியிருந்ததா? உறங்கப் போனதிலிருந்து காலையில் எழும் வரை எத்தனை முறை எழுந்தீர்கள்? ஒவ்வொன்றுக்கும் சுழியம் முதல் 5 வரை எண் இடுவர். கூட்டுத்தொகை 7 வரை இருந்தால் இலேசான தொல்லை. 8 முதல் 19 வரை நடுத்தரம். 20 முதல் 35 வரை கடுமை. பின்னர் எட்டாவதாக ஒன்று கேட்பர்: இனி வாழ்நாள் முழுதும் இப்படியே இருக்கும் என்றால் உமக்கு எப்படி இருக்கும்? நம் கருத்தில், ஏழையும்விட இதுவே சிறந்த வினா. ஒரே கூட்டுத்தொகை பெற்ற இருவருள் ஒருவர் அதைப் பொருட்படுத்தாமல் இருப்பார். இரவுக் காவல் பணியிலோ பேருந்து ஓட்டும் பணியிலோ இருக்கும் மற்றவருக்கு அதுவே பெருந்துன்பமாகும்.

ஆனால் இவ்வெண் துன்பத்தை அளக்குமேயன்றி அதன் காரணத்தைக் காட்டாது. இதே வினாக்களை முதிய பெண்டிரிடம் கேட்டபோதும் கணிசமான எண்கள் கிடைத்தன என்று ஆய்வுகள் கண்டுள்ளன; அவர்களுக்கோ புராஸ்டேட் சுரப்பியே இல்லை! எனவேதான் தேர்ந்த மருத்துவர் இத்துடன் நில்லாது துருவிக் கேட்கிறார். நீரிழிவு உண்டா? பக்கவாதமோ நடுக்குவாதமோ வந்ததுண்டா? இரத்த அழுத்தத்துக்கு நீரை வெளியேற்றும் மாத்திரை உண்ணுகிறீரா? அதை எந்நேரத்தில் உண்ணுகிறீர்? முன்பு எப்போதேனும் குழாய் செலுத்தினார்களா? சிறுநீரில் இரத்தம் கண்டதுண்டா?

மூன்று நாள் குறிப்பேடு ஒன்றை எழுதி வரச் சொல்வதும் உண்டு. அளவுக் கோடு போட்ட பிளாஸ்டிக் குவளை ஒன்றும், பென்சிலும், பழைய பள்ளி நோட்டும் போதும். எந்நேரம் எவ்வளவு குடித்தார், எந்நேரம் எவ்வளவு கழித்தார் என்று குறிக்கவேண்டும். செலவில்லாத இச்சோதனை பல வேளைகளில் வியப்பூட்டும் உண்மையைக் காட்டிவிடும். ஒரு நாளின் மொத்தச் சிறுநீரில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இரவிலேயே வெளியேறுகிறது என்று தெரிந்தால், குற்றம் புராஸ்டேட்டின் மேல் மட்டும் இல்லை. பகலெல்லாம் காலில் தேங்கிய நீர் படுத்தவுடன் திரும்பி வருவதாலோ, இதயத் தளர்ச்சியாலோ, குறட்டையோடு மூச்சுத் தடைப்படும் உறக்க நோயாலோ அவ்வாறு நேரலாம். சுரப்பியை வெட்டினாலும் அம்மனிதர் இரவில் எழுவது நிற்காது.

அடுத்து உடற்பரிசோதனை. அடிவயிற்றைத் தட்டியும் அழுத்தியும் பார்த்துச் சிறுநீர்ப்பை நிரம்பி நிற்கிறதா என்று மருத்துவர் காண்பார். பின்பு கையுறை அணிந்து, வழவழப்பான களிம்பு தடவி, ஆசனவாய் வழியே ஒரு விரலைச் செலுத்திச் சுரப்பியைத் தொட்டுப் பார்ப்பார். நம் பெரியவர்கள் அஞ்சுவது பெரும்பாலும் இதற்குத்தான். உள்ளதைச் சொன்னால், அரை நிமிடத்தில் முடிந்துவிடும். சங்கடம் உண்டு, வலி பொதுவாக இல்லை. மூப்பினால் பெருத்த சுரப்பி வழவழப்பாகவும், இறுக்கிய கையின் கட்டை விரலடிச் சதை போன்றும் இருக்கும். விரல் கணுவைப் போல் கடினமான முடிச்சு ஏதும் தட்டுப்பட்டால் புற்றுநோய் பற்றிய ஐயம் எழும். தொட்டால் நோயாளி துடித்தால் சுரப்பியில் அழற்சி இருக்கலாம். அந்த அரை நிமிடத்தில் இத்தனையும் தெரியவருகின்றன.

லெப்பாந்து வெற்றியை ஒட்டிச் செபமாலை அன்னையின் திருநாளை நமக்குத் தந்த திருத்தந்தை புனித ஐந்தாம் பத்திநாதரை நினைத்துப் பார்க்கிறோம். சிறுநீர்ப்பைக் கல்லால் வருந்திய அவர் அறுவைக்கு இசையாமல், 1572-ஆம் ஆண்டு மே முதல் நாள் இறைவனடி சேர்ந்தார். மயக்க மருந்து இல்லாத அந்நாளில் கத்தியை மறுத்தவரை யார் குறை கூற முடியும்? இந்நாளில் ஒரு விரலுக்கும் ஒரு குப்பிச் சிறுநீருக்கும் மறுப்புச் சொல்வோருக்கு அந்தக் காரணம் இல்லை.

சிறுநீர்ச் சோதனை எளியது. கிருமித் தொற்று, இரத்தம், சர்க்கரை ஆகியவற்றை அது காட்டும். இரத்தத்தில் கிரியேட்டினின் அளவைப் பார்ப்பது சிறுநீரகங்கள் நலமாக உள்ளனவா என்று அறியவே.

பி.எஸ்.ஏ. என்னும் இரத்தச் சோதனையைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும். இதனால் விளையும் வீண் கலக்கம் மிகுதி. இது புராஸ்டேட் சுரக்கும் ஒரு புரதத்தின் அளவு. 4 என்பதை எல்லையாக வைப்பது நெடுநாள் வழக்கம். எண் உயர்ந்திருந்தால் புற்றுநோய் என்று பலர் முடிவு கட்டிவிடுகின்றனர். அது சரியன்று. சுரப்பி பெருத்தாலும், கிருமி தொற்றினாலும், நீர்க்கட்டு ஏற்பட்டாலும், குழாய் செலுத்தினாலும் இந்த எண் உயரும். ஆகவே தொற்று இருக்கும்போது இச்சோதனையைச் செய்யாமல் சில வாரங்கள் பொறுத்துச் செய்வதே முறை. எண் தாழ்ந்திருந்தால் ஐயமே இல்லை என்று கருதுவதும் தவறு. சுரப்பியைச் சுருக்கும் ஃபினாஸ்டெரைடு, டூட்டாஸ்டெரைடு மாத்திரைகளை ஆறு மாதம் உண்டவரின் எண் ஏறத்தாழப் பாதியாகக் குறைந்துவிடும். அம்மாத்திரை உண்பதை மருத்துவரிடம் சொல்லாதவர் 3 என்னும் எண்ணோடு மகிழ்ந்து வீடு திரும்புவார். அது உண்மையில் 6 எனக் கொள்ளத்தக்கது. மிக முதிர்ந்து தளர்ந்தவருக்கு இச்சோதனை தேவைதானா என்பதையும் மருத்துவரோடு கலந்து பேசியே முடிவு செய்யவேண்டும்.

தாரையின் வேகத்தை அளக்க ஒரு கருவி உண்டு. புனல் பொருத்திய பாத்திரத்தில், தனியறையில், வழக்கம் போல் சிறுநீர் கழித்தால் போதும். கருவி வரைபடம் தீட்டும். தடையில்லாதவருக்கு அது மணி போல் எழுந்து தாழும். அடைப்புள்ளவருக்கு நீண்ட தாழ்ந்த மேடாகக் கிடக்கும். உச்ச வேகம் வினாடிக்கு 15 மில்லி லிட்டருக்கு மேல் இருப்பது நலம். 10-க்குக் கீழே இறங்கினால் அடைப்பு இருக்கக்கூடும். குறைந்தது 150 மில்லி லிட்டராவது கழித்தால்தான் கணக்குச் செல்லும். ஆதலால் சிறுநீர்ப்பை ஓரளவு நிறைந்திருக்கும்போது போகவேண்டும். கழித்து முடித்த உடனே ஸ்கேன் கருவியை அடிவயிற்றில் வைத்து, உள்ளே எவ்வளவு எஞ்சியிருக்கிறது என்று பார்ப்பர். 50 மில்லி லிட்டருக்குள் இருந்தால் கவலையில்லை. 300-க்கு மேல் எஞ்சுவது தொடர்ந்தால் அது நாட்பட்ட நீர்த்தேக்கம். அதே ஸ்கேனில் பையின் சுவர் தடித்திருப்பதும், கற்கள் இருப்பதும், சிறுநீரகங்களில் நீர் பின்வாங்கி வீங்கியிருப்பதும் தெரியும்.

இந்நீர்த்தேக்கத்தைத்தான் குடும்பத்தார் கவனிக்க வேண்டும் என்று வற்புறுத்துகிறோம். திடீரென அடைத்துக்கொள்ளும் நீர்க்கட்டு யாரையும் ஏமாற்றாது. சளிக்கான மாத்திரை இரண்டை உண்ட இரவிலோ, குடலிறக்க அறுவை முடிந்த மறுநாளிலோ அது வரலாம். வலியில் மனிதர் துடிப்பார். வீடே அவரை மருத்துவமனைக்குத் தூக்கிச் செல்லும். குழாய் செலுத்தியதும் நிம்மதி பெறுவார். நாட்பட்ட தேக்கமோ ஓசையின்றி வளர்வது. பை சிறிது சிறிதாக விரிந்து ஒரு லிட்டருக்கு மேலும் தாங்கக் கற்றுக்கொள்கிறது. வலி இல்லை. நிறைந்த குடம் தளும்புவது போல, உறக்கத்தில் நீர் தானாக ஒழுகுகிறது. "தாத்தா பாயை நனைத்துவிட்டார்" என்று சிறுவர் சிரிக்கின்றனர். பெரியோர் முகம் சுளித்து, மூப்பு என்று எண்ணி, ரப்பர் விரிப்பு வாங்கி வருகின்றனர். உள்ளேயோ அழுத்தம் மேலேறிச் சிறுநீரகங்களைச் சிதைத்துக்கொண்டிருக்கிறது. பசியின்மை, குமட்டல், சோர்வு, உடல் அரிப்பு ஆகியவை தோன்றும்போது சிதைவு வெகுதூரம் போயிருக்கும். முதிய ஆடவர் ஒருவர் புதிதாகப் படுக்கையை நனைக்கத் தொடங்கினால் அது நீர் அடங்காமையாக இருக்கலாம், நீர் போகாமையாகவும் இருக்கலாம். இரண்டையும் பிரித்தறிய ஐந்து நிமிட ஸ்கேன் போதும். உரிய நேரத்தில் குழாய் செலுத்தி நீரை வடித்தால் பலருடைய சிறுநீரகங்கள் தேறிவிடுகின்றன. வடித்த முதல் ஓரிரு நாளில் சிறுநீர் வெள்ளமாகப் பெருகக்கூடும் என்பதால் அதனை மருத்துவமனையிலேயே செய்வர்.

பெரும்பாலோருக்கு இத்துடன் சோதனைகள் முடிந்துவிடும். உள்நோக்குக் கருவியை எல்லோருக்கும் பயன்படுத்துவதில்லை. விளக்குப் பொருத்திய அக்கருவியை ஜெர்மானிய மருத்துவர் மாக்ஸ் நிட்சே 1877-இல் முதன்முதலாகக் காட்டினார். இன்று அது மெல்லிய, வளையும் குழாயாகிவிட்டது. சிறுநீரில் இரத்தம் கண்டாலோ, குழாயில் தழும்பு இருக்கும் என ஐயுற்றாலோ, அறுவைக்கு முன்னரோ அதனால் உள்ளே பார்ப்பர். மற்றொன்று அழுத்த அளவைச் சோதனை. தாரை மெலிவதற்கு வாசல் அடைபட்டிருப்பது ஒரு காரணம். உந்தித் தள்ளும் பையே வலுவிழந்திருப்பது வேறொரு காரணம். பல்லாண்டு நீரிழிவுள்ளவரிடத்தும் நரம்பு நோயாளரிடத்தும் இரண்டாவது அதிகம். வரைபடம் இரண்டுக்கும் ஒன்று போலவே இருக்கும். பையின் உள்ளே மெல்லிய குழாயை வைத்து அழுத்தத்தை அளந்தால்தான் வேறுபாடு தெரியும். வலுவிழந்த பைக்கு அடைப்பை நீக்கும் அறுவை தக்க பயன் தராது. ஆகவே இவர்களுக்கு அறுவை என்று சொல்லப்பட்டால், இச்சோதனை தேவையா என்று கேட்டறிவது நோயாளியின் உரிமை.

மருத்துவரிடம் போகும் நாளில் உண்ணும் மாத்திரைகள் அனைத்தையும் ஒரு பையில் போட்டு எடுத்துச் செல்லுங்கள். நாட்டு மருந்தையும் சளி மருந்தையும் விட்டுவிட வேண்டாம். மூன்று நாள் நோட்டையும் மறவாதீர்கள். இல்லத்தரசியும் உடன் போவது நல்லது. இரவில் எத்தனை முறை எழுந்தார் என்று கேட்டால் இவர் இரண்டு என்பார், அந்த அம்மையார் ஐந்து என்பார். மருத்துவர் ஐந்தையே எழுதிக்கொள்ளட்டும்.