பாட்டுக்கு விலை இருபது டாலர்

ஜமெய்க்கா தீவின் பிரபல ரெகே பாடகரும் ஸினிமா நடிகருமான ஜிம்மி கிளிப் 2025-ம் வருஷம் நவம்பர் மாதம் 24-ந் தேதி தமது 81-வது வயதில் காலமானார். உலகப் பத்திரிகைகள் அவருடைய குரலினிமையைப் புகழ்ந்து எழுதின. புகழட்டும். ஆயினும், தேசாபிமானிகள் முக்கியமாகக் கவனிக்க வேண்டியது 1972-ல் அவர் நடித்து வெளிவந்த ஒரு படத்தையே என்பது நமது அபிப்பிராயம்.

கிராமத்திலிருந்து கிங்ஸ்டன் நகருக்கு வந்து சேர்ந்த ஏழைச் சிறுவர் அவர். அங்கே சீன வம்சத்தவரான லெஸ்லி காங் 'பெவர்லீஸ்' என்ற பெயரில் ஐஸ்கிரீமும் இசைத்தட்டுகளும் விற்கும் கடை நடத்தி வந்தார். பையன் அந்தக் கடையின் பெயரையே வைத்து ஒரு பாட்டுக் கட்டிக்கொண்டு போய்ப் பாடிக் காட்டினான். கடைக்காரர் இசைத்தட்டுத் தயாரிப்பாளராகி விட்டார். சாமர்த்தியமான பையன்தான்! 1962-ல், ஹாட்டி என்ற புயலின் பெயர் கொண்ட அவனுடைய பாட்டு தீவெங்கும் பரவிற்று. அதே வருஷம் ஆகஸ்டு 6-ந் தேதி ஜமெய்க்கா ஆங்கிலேய ஆட்சியினின்றும் விடுதலை பெற்றது.

கொடி மாறிற்று. ஜனங்களின் பேச்சுக்கு மட்டும் மதிப்பு ஏற்படவில்லை. பள்ளிக்கூடத்திலும் நியாயஸ்தலத்திலும் ஆங்கிலம். வீட்டிலும் சந்தையிலும், ஆங்கிலமும் ஆப்பிரிக்கப் பாஷைகளும் கலந்து விளைந்த பாட்வா. அதைக் கொச்சை என்று படித்தவர்கள் ஏளனம் செய்து வந்தனர். இந்நிலையில்தான் பெர்ரி ஹென்ஸெல் என்பவர் கிளிப்பைக் கதாநாயகராக்கி 'தி ஹார்டர் தே கம்' என்ற படத்தை எடுத்தார். ஜமெய்க்கா ஜனங்கள் தாங்களே தயாரித்த முதல் முழுநீளக் கதைப்படம் அது. தங்கள் தெருவையும் தங்கள் பேச்சையும் திரையில் காணக் கிங்ஸ்டனில் ஜனங்கள் கொட்டகையை முற்றுகையிட்டார்கள். அமெரிக்காவில் காட்டியபோது படத்தின் அடியில் ஆங்கில வாசகங்களைப் போட நேர்ந்தது. ஆங்கிலம் பேசுவோர் பிறர் பாஷைக்கு மொழிபெயர்ப்பைத் தேடிய அந்தக் காட்சி நமக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

கதை 1948-ல் போலீஸாரால் சுட்டுக் கொல்லப்பட்ட ஐவன்ஹோ மார்ட்டின் என்ற கொள்ளைக்காரனின் சரித்திரத்தைத் தழுவியது. கொள்ளைக்காரனை வீரனாக்கிவிட்டார்கள் என்று குறை கூறுவோர் உண்டு. அவர்கள் படத்தின் முற்பகுதியைச் சரியாகப் பார்க்கவில்லை என்றே சொல்வோம். ஐவன் ஒரு பாட்டுப் பாடுகிறான். முதலாளி இருபது டாலர் நீட்டுகிறான். மறுத்து, தட்டைத் தானே விற்கப் புறப்பட்டவனுக்கு ஒரு வாசலும் திறக்கவில்லை. திரும்பி வந்து கையெழுத்திடுகிறான். பிறகுதான் கஞ்சா வியாபாரமும் துப்பாக்கியும். நாம் சட்டம் படித்தவர்கள். கையெழுத்து இருந்தால் ஒப்பந்தம் செல்லும் என்று வாதிக்க நமக்கும் தெரியும். ஆனால் ரேடியோவும் நாட்டியக் கொட்டகையும் ஒரே மனிதனின் சொற்படி நடக்கும் ஊரில், 'இஷ்டமிருந்தால் கையெழுத்திடு' என்பதில் இஷ்டம் எங்கே இருக்கிறது? சம்மதமில்லாத ஒப்பந்தம் ஒப்பந்தமாகாது என்பது ஆங்கிலேயர் நமக்குப் போதித்த தர்மமல்லவா?

ஹாலிவுட் இவரை எவ்விதம் உபயோகித்துக் கொண்டது? 1986-ல் 'கிளப் பாரடைஸ்' என்ற ஹாஸ்யப் படத்தில், வெள்ளைக்காரர் உல்லாசமாகப் பொழுதுபோக்க வரும் தீவு ஹோட்டலில் கொண்டுபோய் நிறுத்திற்று. அதைப் பற்றி அதிகம் எழுதுவதற்கில்லை.

ஜமெய்க்கா அரசாங்கம் 2003-ல் அவருக்கு 'ஆர்டர் ஆப் மெரிட்' விருதளித்துக் கௌரவித்தது. நன்று. ஆனால் படத்தில் ஐவனுக்கு நேர்ந்த அநீதிக்குப் பரிகாரம் எப்போது வந்தது என்றும் கேட்க வேண்டும். சுதந்திரம் பெற்று முப்பது வருஷம் கடந்த பின்பும், அந்நாட்டுப் பாடகனின் பாத்தியதைக்கு லண்டன் பார்லிமெண்டு 1911-ல் செய்த சட்டமே அமலில் இருந்தது. சொந்தப் பதிப்புரிமைச் சட்டம் 1993-ல்தான் வந்தது. அதற்குள், கிங்ஸ்டன் பையன்கள் அற்பக் கூலிக்குப் பாடிய தட்டுகள் லண்டனிலும் நியூயார்க்கிலும் திரும்பத் திரும்ப அச்சாகி விற்பனையாகி விட்டன.