கடன் பாக்கிக்குச் சிறை: மனுக்களை முடிக்கும் அவசரத்தில் விசாரணை விடுபடலாமா?

நாடு முழுவதும் 8.82 லட்சத்துக்கும் மேற்பட்ட நிறைவேற்று மனுக்கள் நிலுவையில் இருப்பதைச் சுட்டிக்காட்டிய உச்ச நீதிமன்றம், இது மிகுந்த ஏமாற்றம் அளிப்பதாக 2025 அக்டோபரில் தெரிவித்தது. வழக்கில் வென்று தீர்ப்பாணை பெற்ற பின்னரும் அதன் பலனை அடையாமல் காத்திருப்போரின் கணக்கு இது. மகாராஷ்டிரத்தில் மட்டும் 3.4 லட்சத்துக்கும் அதிகமான மனுக்கள் தேங்கியுள்ளன. தமிழ்நாட்டில் சுமார் 86 ஆயிரம். இத்தகைய மனுக்களை 6 மாதங்களுக்குள் முடிக்க வேண்டும் என்று 2021-இலேயே உத்தரவிடப்பட்டது குறிப்பிடத்தக்கது.

இவற்றில் நிலம், வீடு தொடர்பானவையும் உண்டு. பண வசூலுக்கான மனுக்களில் கடன் கொடுத்தவர் கேட்கக்கூடிய நிவாரணங்கள் இரண்டு: சொத்து ஜப்தி அல்லது கடனாளியின் கைது. ஜப்திக்குச் சொத்து எங்கே இருக்கிறது என்று மனுதாரரே தேடிக் கண்டுபிடிக்க வேண்டும். கைதுக்கு முகவரி போதும். பலர் இரண்டாவது வழியை நாடுவதில் வியப்பில்லை.

ஆனால், கடனைத் திருப்பிச் செலுத்தாதது மட்டுமே ஒருவரைச் சிறைக்கு அனுப்பக் காரணமாகாது. 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 51-ஆவது பிரிவில் 1936-இல் சேர்க்கப்பட்ட நிபந்தனை இதைத் தெளிவுபடுத்துகிறது. கடனாளி தலைமறைவாக முயல வேண்டும்; அல்லது சொத்தை நேர்மையற்ற முறையில் மறைத்திருக்க வேண்டும்; அல்லது செலுத்தும் வசதி இருந்தும் மறுத்திருக்க வேண்டும். பிறர் பணத்தை நம்பிக்கைப் பொறுப்பில் வைத்திருந்தவர் தனி வகை. வசதியைக் கணக்கிடும்போது ஜப்தி செய்ய முடியாத பொருள்களைச் சேர்க்கக் கூடாது. அதாவது கைவினைஞரின் கருவிகளையும், விவசாயியின் உழவு மாட்டையும், சமையல் பாத்திரங்களையும் காட்டி, 'இவருக்கு வசதி இருக்கிறது' என்று வாதிட முடியாது.

கொச்சி வங்கி தொடர்பான வழக்கில் 1980-இல் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் அளித்த தீர்ப்பு இந்த நிபந்தனைக்கு உயிர் கொடுத்தது. ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாமை ஒன்றுக்காகவே யாரையும் சிறையிடக் கூடாது என்கிறது சர்வதேச உடன்படிக்கையின் 11-ஆவது பிரிவு. இந்தியா அந்த உடன்படிக்கையில் 1979-இல் இணைந்தது. அதனையும் அரசமைப்புச் சட்டத்தின் 21-ஆவது பிரிவையும் சேர்த்துப் படித்த அவர், பணம் கட்டாததற்கு அப்பால் தீய நோக்கமோ, தற்போது செலுத்தும் வசதியோ நிரூபிக்கப்பட வேண்டும் என்றார். கடனாளியின் இன்றைய வசதியை ஆராயாமல் பிறப்பிக்கப்பட்ட உத்தரவு ரத்தாகி, மறு விசாரணைக்குத் திரும்பியது.

நடைமுறையும் இதற்கேற்பவே வகுக்கப்பட்டுள்ளது. தலைமறைவாகும் அபாயம் இருந்தாலன்றி, பிடியாணைக்கு முன் காரணம் கேட்கும் அறிவிப்பு அனுப்பப்பட வேண்டும். ஆஜரானவரின் நிதிநிலையை நீதிமன்றம் விசாரிக்க வேண்டும். சூரிய அஸ்தமனத்துக்குப் பின் அமீனா வீட்டுக்குள் நுழைய முடியாது. பண வசூலுக்காகப் பெண்களைக் கைது செய்ய முடியாது. சிறையில் இருப்பவரின் உணவுப்படியைக் கட்ட வேண்டியவர் கடன் கொடுத்தவரே. அவர் கட்டத் தவறினால் கடனாளி விடுதலை. ஏற்கெனவே பணத்தை இழந்தவருக்கு இது விசித்திரமான கூடுதல் செலவுதான்.

சிறைக்காலத்தின் உச்சவரம்பு 3 மாதங்கள். ரூ.2,000 வரையிலான தொகைக்குச் சிறையே இல்லை, ரூ.5,000 வரை 6 வாரங்கள். அந்த ரூ.5,000-ஐத் தாண்டாத கடன் வழக்கு இன்று அரிது என்பதால், ஏறக்குறைய எல்லோருமே 3 மாத வரம்புக்குள் வந்துவிடுகின்றனர். வெளியே வந்தாலும் கடன் தீராது. அதே தீர்ப்பாணைக்காக மீண்டும் கைது செய்யவும் முடியாது. ஆகவே, உண்மையில் பணம் இல்லாதவரைச் சிறையிட்டால் மனுதாரர் இழப்பது தன் கடைசி அழுத்தக் கருவியை. கூலியை நம்பியுள்ள குடும்பம் இழப்பது 3 மாத வருமானத்தை. சொத்துகளை உறவினர் பெயருக்கு மாற்றிவிட்டு 'வசதி இல்லை' என்று பிரமாணம் செய்பவரோ, ஆராயப்படாத வரை பாதுகாப்பாகவே இருக்கிறார்.

அவரைப் பிடிக்கும் வழி சட்டத்தில் உண்டு. நடைமுறைச் சட்டத்தின் 21-ஆவது ஆணை, 41-ஆவது விதியின்படி, சொத்து விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்யுமாறு கடனாளிக்கு உத்தரவிடலாம். மீறினால் அதற்கே 3 மாதம் வரை சிறை உண்டு. மனு வந்த தொடக்கத்திலேயே இந்த விவரத்தைக் கேட்டுப் பெற்றால், வசதி உள்ளவர் யார், இல்லாதவர் யார் என்பது ஆரம்பக் கட்டத்திலேயே பிரிந்துவிடும். நிலுவைப் பட்டியலைக் குறைக்க உயர் நீதிமன்றங்கள் கீழமை நீதிமன்றங்களை முடுக்கிவிடும் இந்த வேளையில், எத்தனை மனுக்கள் முடிக்கப்பட்டன என்பதோடு, கைது உத்தரவுகளில் எத்தனை, வசதி குறித்த விசாரணைக்குப் பின் பிறப்பிக்கப்பட்டன என்பதையும் அவை கேட்டுப் பெற வேண்டும்.