சீட்டில் இல்லாத சாதி வேலையில் இருந்தது: தென்னிந்திய ரயில்வே கம்பெனியின் மிச்சம்

சங்கரன்கோவில் வட்டத்திலுள்ள பனவடலிசத்திரம் தன் பெயரிலேயே ஒரு பழைய பயண வரலாற்றைத் தாங்கி நிற்கிறது. வடலி என்பது இளம்பனை. சத்திரம் என்பது வழிப்போக்கர் தங்குமிடம். ரயிலுக்கு முந்தைய தென்தமிழகத்தில் நெடும்பயணம் என்பது சத்திரத்திலிருந்து சத்திரத்திற்கு நடப்பதாகும். அறச்செயல் என்று போற்றப்பட்ட சத்திரங்களில் சோறும் இடமும் பொதுவாகச் சாதி பார்த்தே வழங்கப்பட்டன. தீண்டத்தகாதோர் என ஒதுக்கப்பட்டவர்கள் வாசலுக்கு வெளியே நின்றனர். 1927இல் விருதுநகர்–தென்காசி இருப்புப்பாதை திறக்கப்பட்டுச் சங்கரன்கோவிலுக்கு ரயில் வந்தபோது, காசு கொடுத்த எவருக்கும் சீட்டு கிடைத்தது. இதனைக் கொண்டே, ரயில் சாதியை உடைத்தது என்ற கருத்து இன்றளவும் முன்வைக்கப்படுகிறது. அப்பாதையை இயக்கிய தென்னிந்திய ரயில்வே கம்பெனியின் வரலாறு இக்கருத்தில் பாதியை மட்டுமே மெய்ப்பிக்கிறது.

இக்கம்பெனியின் தொடக்கம் 'கிரேட் சதர்ன் ஆப் இந்தியா' என்ற லண்டன் நிறுவனமாகும். நாகப்பட்டினத்திலிருந்து தஞ்சாவூர் வழியாகத் திருச்சிராப்பள்ளிக்கு அது பாதை அமைத்தது. 1874இல் கர்நாடிக் ரயில்வேயுடன் இணைந்து தென்னிந்திய ரயில்வே கம்பெனி ஆயிற்று. அக்காலத்து இந்திய ரயில்வே கம்பெனிகளின் பங்குதாரர்களுக்கு அரசு குறைந்தபட்ச வட்டியை உறுதியளித்திருந்தது. வருவாய் குறைந்தால் பற்றாக்குறையை ஈடுசெய்தது இந்திய மக்களின் வரிப்பணம். இலாபம் கம்பெனிக்கு, இழப்பு குடிமக்களுக்கு என்பதே ஏற்பாடு.

1876 சனவரியில் பாதை தூத்துக்குடியையும் திருநெல்வேலியையும் எட்டியது. அதே ஆண்டில் மழை பொய்த்துத் தாது வருடப் பஞ்சம் தொடங்கிற்று. தானியத்தை விரைந்து கொண்டுசெல்ல ரயில் இருந்தது; ஆனால் தானியம் சென்றது பசி இருந்த இடத்திற்கன்று, விலை இருந்த இடத்திற்கே. நிலமற்ற கூலிகளாக வைக்கப்பட்டிருந்த ஒடுக்கப்பட்ட மக்களின் கையில் அந்த விலைக்குரிய பணம் இல்லை. 1877இல் ரிச்சர்ட் டெம்பிள் நிவாரணப் பணிக்கு வகுத்த கூலி, ஆண் ஒருவருக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியமும் ஓர் அணாவும் மட்டுமே.

ரயில் இம்மக்களையும் ஏற்றிச் சென்றது. தூத்துக்குடிக்கு அருகிலிருந்த தட்டப்பாறை முகாம் வழியாகவும், பின்னர் மண்டபம் முகாம் வழியாகவும் இலங்கைத் தோட்டங்களுக்குக் கூலிகள் அனுப்பப்பட்டனர். பள்ளர், பறையர், சக்கிலியர் என்று பதியப்பட்டோர் அவர்களில் பெரும்பங்கினர். 1914இல் பாம்பன் பாலம் திறக்கப்பட்டபின் இப்பயணம் தனுஷ்கோடி வரை ரயிலிலேயே அமைந்தது. ஊரின் சாதிக் கொடுமையிலிருந்து வெளியேற ஒரு வழி கிடைத்தது உண்மை. அந்த வழி கங்காணியின் கடனில் போய் முடிந்ததும் உண்மை.

நிலையங்களுக்குள்ளும் சாதி இருந்தது. சிற்றுண்டிச் சாலைகளில் பிராமணர்க்கு ஓரிடம், பிராமணரல்லாதார்க்கு ஓரிடம் என்ற பிரிவினை, நீண்ட எதிர்ப்புக்குப் பின்னர் 1941இல்தான் நீக்கப்பட்டது. ஒடுக்கப்பட்டோரின் பெயர் அந்த இரண்டு பலகைகளில் எதிலும் இல்லை.

இவற்றையெல்லாம்விட நீடித்து நிற்பது வேலைப் பிரிவினையே. 1938 பிப்ரவரியில் மன்மாடில் கூடிய ஒடுக்கப்பட்ட ரயில்வே தொழிலாளர் மாநாட்டில் அண்ணல் அம்பேத்கர் இதனைத் தெளிவாக எடுத்துரைத்தார். தலித் தொழிலாளி தண்டவாளக் கூலியாகவே தேங்கிவிடுகிறார். நிலைய அதிகாரியின் வீட்டு வேலையையும் போர்ட்டர் செய்யவேண்டியிருப்பதால், தீண்டாமை அவரைப் போர்ட்டர் வேலைக்கும் விடுவதில்லை. பணிமனையில் மேல்நிலைப் பதவிகள் அவருக்குத் திறப்பதில்லை. தொழிலாளருக்குப் பார்ப்பனியம், முதலாளித்துவம் என இரு பகைகள் உண்டு என்று அவர் வரையறுத்ததும் அம்மேடையில்தான். அவர் பேசியது ஜி.ஐ.பி. ரயில்வே தொழிலாளரிடையே; எனினும் அவர் விவரித்த முறை ஒரு கம்பெனியோடு நின்றுவிடுவதன்று. தென்னிந்திய ரயில்வேயிலோ, ஆட்குறைப்பை எதிர்த்து 1928இல் எழுந்த பெரும் வேலைநிறுத்தத்தை அரசு அடக்கிச் சிங்காரவேலரைச் சிறையில் அடைத்தது.

1944இல் கம்பெனியை அரசு ஏற்றது. 1951 ஏப்ரல் 14 அன்று, அம்பேத்கரின் பிறந்தநாளில், தெற்கு ரயில்வே உருவாயிற்று. 1943இல் அவர் வைசிராயின் நிர்வாகக் குழுவில் இருந்தபோது அரசுப் பணிகளில் பட்டியல் சாதியினருக்கு 8.33 விழுக்காடு இடஒதுக்கீடு கிடைத்திருந்தது. அரசு ரயில்வே அந்த உரிமையை நிரந்தரப் பணியாக மாற்றியது. பல தலித் குடும்பங்களில் முதல் மாதச் சம்பளமும் முதல் ஓய்வூதியமும் ரயில்வேயிலிருந்து வந்தன. இது சிறிய மாற்றமன்று.

இன்று திரும்பப் பறிக்கப்படுவது இதுவே. துப்புரவுப் பணி பெருமளவில் ஒப்பந்ததாரர்களிடம் ஒப்படைக்கப்பட்டுள்ளது. நிரந்தரப் பணிக்குரிய இடஒதுக்கீடு ஒப்பந்ததாரரைக் கட்டுப்படுத்துவதில்லை. ஆயினும் துடைப்பத்தை ஏந்துவோர் யார் என்பதைச் சாதியே தீர்மானிக்கிறது. 2013ஆம் ஆண்டுச் சட்டம் கையால் மலம் அள்ளுவதைத் தடை செய்தது. ஆனால் கருவியும் பாதுகாப்பு உடையும் தரப்பட்டோரை மலம் அள்ளுவோராகக் கருதவேண்டியதில்லை என்ற விளக்கத்தையும் சேர்த்துக்கொண்டது. கையுறை கொடுத்துவிட்டால் சாதித்தொழில் மறைந்துவிடும் என்பது இதன் பொருள். தண்டவாளங்களில் இவ்விழிவை ஒழிக்கக் காலவரையறை வகுக்குமாறு 2014இல் உச்ச நீதிமன்றம் ரயில்வேக்கு உத்தரவிட்டது. உயிரிக் கழிவறைகளால் மலம் தண்டவாளத்தில் விழுவது பெரிதும் குறைந்துள்ளது. ஆனால் தொட்டியைப் பராமரிப்பவரும் நடைமேடையைக் கழுவுபவரும் யார் என்ற கேள்வி அப்படியே நிற்கிறது.

ஆகவே நமது கோரிக்கை தொழில்நுட்பத்தோடு முடிந்துவிடக் கூடாது. ஒப்பந்தத் துப்புரவுத் தொழிலாளரின் சாதி வாரிக் கணக்கை ரயில்வே வெளியிட வேண்டும். தொடர்ச்சியான தன்மையுடைய பணிகளை நிரந்தரமாக்க வேண்டும். பொறியியல், இயக்கம், நிர்வாகம் ஆகிய பிரிவுகளின் பட்டியல் சாதிப் பின்னடைவு இடங்களை நிரப்ப வேண்டும். கல்லூரி மாணவர்கள் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் தத்தம் ஊர் நிலையத்திலிருந்தே இக்கணக்கைக் கேட்டுப் பெறத் தொடங்கலாம். கம்பெனி மறைந்து எண்பது ஆண்டுகள் கடந்துவிட்டன. அது வகுத்த வேலைப் பிரிவினையையும் முடித்துவைப்பது நம் கடமை.