நீலப் புள்ளிக்கும் ஒரு சரிகட்டும் பட்டியல்

"ஜி.பி.எஸ் போயிடுச்சுங்க, புது போன்தான் வாங்கணும்." மும்பையில் நம்மாட்கள் நாலு பேர் கூடினால் இந்த வசனம் எப்படியும் ஒருமுறை வந்துவிடுகிறது. நாம் நிற்பது ஒரு தெரு, மேப்பில் நீலப் புள்ளி நிற்பது வேறு தெரு. சில நேரம் புள்ளியையே காணோம். உடனே போன் மேல் பழி, இல்லாவிட்டால் கூகிள் மேல் பழி. பெரும்பாலான நேரம் எதுவும் 'போய்' விடவில்லை, எங்கே பிசகு என்று வரிசையாகப் பார்க்க நமக்குப் பொறுமை இல்லை, அவ்வளவுதான் என்பது என் கட்சி.

ஊரில் இருப்பவர்களுக்கு இது சின்ன விஷயம். டீக்கடையில் கேட்டால் வழி சொல்லிவிடுவார்கள். பிழைப்புக்காக மொழி தெரியாத ஊருக்கு வந்தவர்களுக்கு மேப்தான் வாய். ஆறு மாதம் இங்கே, ஆறு மாதம் ஊரில் என்று வந்துபோகும் நம் அப்பா அம்மாவுக்கு அது இன்னும் அதிகம். அதனால் இதைக் கம்ப்யூட்டர் படித்தவர்கள் சமாச்சாரம் என்று ஒதுக்காமல், கேஸ் ரெகுலேட்டரை மூடத் தெரிந்திருப்பது போல வீட்டில் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டியது என்று நினைக்கிறேன்.

பி.காம் படித்தவர்களுக்கு வங்கிச் சரிகட்டும் பட்டியல் நினைவிருக்கும். (மறந்தவர்கள் கையைத் தூக்க வேண்டாம் :-)) ரொக்க ஏட்டில் ஒரு இருப்பு, பாஸ்புக்கில் வேறு இருப்பு. வித்தியாசம் வந்ததும் கணக்கப்பிள்ளையைத் திட்டக்கூடாது. நாம் கொடுத்த செக் இன்னும் பாஸாகவில்லையா, வங்கி பிடித்த கட்டணத்தை நாம் எழுதவில்லையா, யாராவது தொகையை மாற்றி எழுதிவிட்டார்களா என்று ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டு வரவேண்டும். நீலப் புள்ளிக்கும் அதே வைத்தியம்தான். பிசகு மூன்று இடத்தில்தான் இருக்க முடியும். ஒன்று, போனுக்கே தான் எங்கே இருக்கிறோம் என்று தெரியவில்லை. இரண்டு, போனுக்குத் தெரியும், ஆனால் அது அந்த ஆப்புக்குப் போய்ச் சேரவில்லை. மூன்று, புள்ளி சரி, மேப் தப்பு. மூன்றுக்கும் மருந்து வேறு வேறு.

முதல் வகை: போனுக்கே தெரியாதபோது

ஜி.பி.எஸ் செயற்கைக்கோள்கள் சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றுகின்றன. 'நான் இங்கே இருக்கிறேன், இப்போது மணி இது' என்று ஒவ்வொன்றும் ஓயாமல் அறிவித்துக்கொண்டே இருக்கிறது. குறைந்தது நாலு குரல் காதில் விழுந்தால், ஒவ்வொன்றும் வந்துசேர எடுத்த நேரத்தை வைத்துப் போன் தன் இடத்தைக் கணக்குப் போடுகிறது. திறந்த வெளியில் சாதாரண போனுக்கே சுமார் 5 மீட்டர் துல்லியம் கிடைக்கும். 2000-ஆம் ஆண்டு மே மாதம் வரை பொதுமக்களுக்கான சிக்னலில் அமெரிக்க அரசு வேண்டுமென்றே பிழையைக் கலந்து வைத்திருந்தது. 100 மீட்டர் வரை தள்ளிக் காட்டும். அதை நிறுத்திய பிறகுதான் வழிகாட்டும் மேப் எல்லாம் நமக்குப் பயன்படும் பொருளானது.

கணக்கு முழுக்க நேரத்தை நம்பி இருப்பதால், நொடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு பிசகினால் 300 மீட்டர் தூரம் பிசகும். லோயர் பரேல் மாதிரி இடத்தில் கண்ணாடிக் கட்டடங்களுக்கு நடுவே நிற்கும்போது சிக்னல் நேராக வராமல் சுவரில் மோதித் திரும்பி வருகிறது. வந்த நேரம் கூடுவதால் தூரமும் கூடிவிட்டதாகப் போன் நினைத்துக்கொள்கிறது. புள்ளி பக்கத்துத் தெருவுக்குத் தாவுவது இதனால்தான். ஜே.ஜே. மேம்பாலத்தில் இன்னொரு கூத்து. மேலே பாலம், கீழே முகமது அலி சாலை. பக்கவாட்டில் நன்றாகக் கணக்குப் போடும் போன், உயரத்தில் கொஞ்சம் சுமார். நாம் மேலா கீழா என்று அதற்குச் சட்டென்று பிடிபடாது. மேம்பாலத்தில் ஏற வேண்டுமா என்று தனியாகச் சொல்லும் வசதியை 2024 ஜூலையில்தான் கூகிள் மேப் இந்தியாவுக்கு அறிவித்தது.

வீட்டுக்குள் செயற்கைக்கோள் குரல் எடுபடாது. அப்போது அக்கம்பக்கத்து வைஃபை ரவுட்டர்களையும் மொபைல் டவரையும் வைத்துப் போன் ஊகிக்கிறது. எந்த ரவுட்டர் எந்த இடத்தில் இருக்கிறது என்ற பட்டியல் கூகிள், ஆப்பிள் இரண்டிடமும் உண்டு. இதில் நம்மைப் போல் மாற்றலில் திரிகிறவர்களுக்கு ஒரு வேடிக்கை. கோயம்புத்தூரிலிருந்து மாற்றலாகி வந்த சக அதிகாரி ஒருவர் தன் ரவுட்டரையும் மூட்டை கட்டிக் கொண்டுவந்தார். தானேயில் அப்போதுதான் கட்டி முடித்த கட்டடம், அக்கம்பக்கம் யாரும் குடிவரவில்லை. வீட்டுக்குள் நுழைந்தால் போன் 'ஆர்.எஸ். புரம்' என்கிறது! தெருவுக்கு வந்தால் தானே. அவர் மனைவிக்கு மட்டும் ரொம்ப சந்தோஷம், வீட்டுக்குள் இருக்கும்வரை மாற்றலே ஆகவில்லை பாருங்கள் :-). போனில் கோளாறு இல்லை. பழைய பட்டியல் இன்னும் திருத்தப்படவில்லை, அவ்வளவுதான். கொஞ்ச நாளில் தானாகச் சரியானது.

'நெட் இல்லை, அதனால் ஜி.பி.எஸ் இல்லை' என்பது பாதி உண்மை. செயற்கைக்கோளைக் கேட்க நெட் தேவையில்லை. மேப் படம் வரவும், எந்தச் செயற்கைக்கோள் எங்கே இருக்கிறது என்று சீக்கிரம் தெரிந்துகொள்ளவும்தான் நெட். நெட் இல்லாவிட்டால் அந்த விவரத்தை வானத்திலிருந்தே இறக்க வேண்டும். அது நொடிக்கு 50 பிட் என்ற நத்தை வேகத்தில் வரும். ஆகவே முதல் மருந்து, செலவில்லாத மருந்து: வானம் தெரியும் இடத்தில் இரண்டு மூன்று நிமிடம் சும்மா நில்லுங்கள். ஊருக்குக் காரில் போகிறவர்கள் வழியிலுள்ள பகுதிகளின் மேப்பை வீட்டு வைஃபையில் முன்கூட்டியே இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். மலைப்பாதையில் டவர் போனாலும் புள்ளி போகாது.

இரண்டாம் வகை: ஆப்புக்குப் போய்ச் சேராதபோது

என் அனுபவத்தில் வீட்டுப் பெரியவர்கள் போனில் நடக்கும் பிசகில் பாதிக்கு மேல் இந்த வகைதான். இரண்டு மேப் ஆப்பைத் திறந்து ஒப்பிடுங்கள். இரண்டும் ஒரே தப்பான இடத்தைக் காட்டினால் பிசகு போனில். ஒன்று மட்டும் தப்பென்றால் அந்த ஆப்பில். பிறகு இந்த வரிசையில் பாருங்கள்:

1. லொகேஷன் சுவிட்ச் போட்டிருக்கிறதா? ஆண்ட்ராய்டில் அதன் உள்ளேயே 'இருப்பிடத் துல்லியம்' என்று இன்னொரு சுவிட்ச் உண்டு. அதுவும் வேண்டும்.

2. அந்த ஆப்புக்குத் 'துல்லியமான இருப்பிடம்' அனுமதித்திருக்கிறீர்களா? ஐபோனில் 2020 முதலும், ஆண்ட்ராய்டில் 2021 முதலும் இது தனி அனுமதி. 'தோராயம்' என்று இருந்தால் பேட்டையைத்தான் சொல்லும், தெருவைச் சொல்லாது. முதல் நாள் அவசரத்தில் எதையோ அழுத்தியிருப்போம், அதுவே நிலைத்துவிடும்.

3. பேட்டரி சேவர் போட்டிருக்கிறதா? சார்ஜ் மிச்சம் பிடிக்கிறேன் என்று அது லொகேஷனைத்தான் முதலில் அமுக்கும். அப்பா பகிர்ந்த 'லைவ் லொகேஷன்' பார்க் வாசலிலேயே உறைந்து நிற்பதற்குப் பெரும்பாலும் இதுதான் காரணம். புள்ளி எங்கே என்று பார்க்கும் முன் அது எப்போது வந்த புள்ளி என்று பாருங்கள். நேற்றைய இருப்பை வைத்து இன்று செக் பாஸ் பண்ண முடியுமா?

4. தேதியும் மணியும் தானியங்கியில் இருக்கட்டும். ஒருமுறை போனை அணைத்துப் போடுங்கள். ஆப்பை அப்டேட் செய்யுங்கள்.

5. இடம் சரி, அம்பு மட்டும் எதிர்த் திசை காட்டுகிறது என்றால் திசைகாட்டியில் பிசகு. காந்தம் வைத்த கவரையோ கார் ஹோல்டரையோ எடுத்துவிட்டு, போனை 8 போடுவதுபோல் சில முறை சுழற்றுங்கள்.

6. பையன் விளையாட்டுக்காகப் போலி லொகேஷன் ஆப் ஏதாவது போட்டிருக்கிறானா? 2016-ல் போக்கிமான் கோ வந்த காலத்திலிருந்து இது உண்டு. சில பெரியவர்கள் ஆபீஸ் அட்டெண்டன்ஸுக்கும் போடுவதாகக் கேள்வி. நான் ஒன்றும் சொல்லவில்லை :-)

இவ்வளவும் பார்த்து, திறந்த மைதானத்திலும் எல்லா ஆப்பிலும் புள்ளி வரவில்லை என்றால் மட்டுமே கடைக்காரரிடம் போங்கள்.

மூன்றாம் வகை: புள்ளி சரி, மேப் தப்பு

2024 நவம்பரில் உத்தரப்பிரதேசத்தில் பரேலி பக்கம் மூன்று பேர் போன கார், முடிவு இல்லாத பாலத்திலிருந்து ராம்கங்கா ஆற்றில் விழுந்தது. மூவரும் இறந்தார்கள். வழிகாட்டும் ஆப்பைப் பார்த்துத்தான் அந்தப் பாலத்துக்குப் போனார்கள் என்று செய்தி வந்தது. பாலத்தின் ஒரு பகுதி முன்பே வெள்ளத்தில் போயிருந்தது. மேப்பில் அது பாலமாகவே இருந்தது. குறுக்கே தடுப்பு வைக்காத அரசுத் துறையின் பங்கு பெரிது. என்றாலும், இந்த மாதிரி இடத்தில் லொகேஷன் செட்டிங்கைத் தட்டிப் பயனில்லை. கண்தான் மருந்து. இரவில், ஆளில்லாத புதுப் பாதையில், பத்து நிமிடம் மிச்சம் என்று மேப் ஆசை காட்டினால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

ஊருக்குள் இதே வகை சின்ன உருவத்தில் வரும். எங்கள் காலனியில் போன மழைக்காலத்தில் நடந்தது. திருநெல்வேலியிலிருந்து மகன் வீட்டுக்கு வந்திருந்த பெரியவருக்கு நள்ளிரவில் நெஞ்சுவலி. மகன் படுக்கையறையில் நின்றபடியே ஆம்புலன்ஸ் டிரைவருக்கு வாட்ஸ்அப்பில் லொகேஷன் அனுப்பினார். புள்ளி கட்டடத்தின் பின்பக்கம் விழுந்தது. அங்கே தெரு உண்டு, கேட் கிடையாது. ஆம்புலன்ஸ் பின்தெருவில் நின்று ஹாரன் அடிக்க, மகன் முன்கேட்டில் நின்று தவிக்க, வாட்ச்மேன் ஓடிப்போய்க் கூட்டிவர நிமிடங்கள் போயின. பெரியவர் பிழைத்துக்கொண்டார், இப்போது நலம். அந்த நிமிடங்களை நினைத்தால் எனக்கு இன்னும் வயிற்றைக் கலக்குகிறது.

வாட்ஸ்அப்பில் லொகேஷன் அனுப்பும் இடத்தில் 'இத்தனை மீட்டர் வரை துல்லியம்' என்று சின்ன எழுத்தில் ஒரு வரி வரும். மேப்பில் புள்ளியைச் சுற்றி வெளிர்நீல வட்டம் இருப்பதும் அதே அர்த்தம்தான்: 'இந்த வட்டத்துக்குள் எங்கேயோ இருக்கிறீர்கள், அதற்குமேல் எனக்குத் தெரியாது.' போன் தன் சந்தேகத்தை மறைப்பதில்லை. நாம்தான் அந்தச் சின்ன எழுத்தைப் படிப்பதில்லை. கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போடும்போதும் இதே கதைதான், அதைப் பேச ஆரம்பித்தால் இரவாகிவிடும்.

அதனால் என் யோசனை, 'நான் இருக்கும் இடம்' என்று அனுப்பாதீர்கள். பகலில் சாவகாசமாகக் கீழே இறங்கி, கேட்டுக்கு முன்னால் வெட்டவெளியில் நின்று, மேப்பில் கேட் மீது பின் குத்திச் சேமித்து, குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டு வையுங்கள். அவசரத்தில் அதை மட்டும் அனுப்பினால் போதும். தபால் துறை 2025-ல் கொண்டுவந்த டிஜிபின், நாட்டை ஏறக்குறைய 4 மீட்டர் சதுரங்களாகப் பிரித்து ஒவ்வொன்றுக்கும் 10 எழுத்துக் குறியீடு தருகிறது. நல்ல விஷயம். ஆனால் அதையும் புள்ளி சரியாக இருக்கும்போது எடுங்கள். தப்பான புள்ளியிலிருந்து எடுத்த குறியீடு, தப்பான இடத்தைத் துல்லியமாகச் சொல்லும்!

கடைசியாக ஒன்று. 112-க்கு அடித்தால் எதிர்முனையில் கேட்கும் குரல் ஹிந்தியிலோ மராத்தியிலோதான் பேசும். அப்போது நம் அம்மாவுக்குக் கட்டடத்தின் பெயர், விங், கேட் இருக்கும் தெரு, பக்கத்திலுள்ள கோயிலோ பள்ளியோ இந்த நாலையும் சொல்ல வரவேண்டும். இலக்கணம் வேண்டாம், நாலு வார்த்தை போதும். உள்ளூர் எழுத்தில் ஒரு சீட்டெழுதிப் பர்ஸில் வைத்தால் இன்னும் நல்லது. வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்று அவர்கள்தானே நமக்குச் சொல்லிக்கொடுத்தார்கள்? இங்கே வந்த பிறகு அவர்கள் வாயை நாம் போனுக்குள் வைத்துப் பூட்டிவிட்டோம். போன் வழி காட்டட்டும். முகவரி நம் நாக்கிலும் இருக்கட்டும்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை அரைமணி நேரம் ஒதுக்கி, வீட்டிலுள்ள எல்லாப் போனையும் ஒரே இடத்தில் வைத்து ஒப்பிட்டுப் பாருங்கள். எல்லாப் புள்ளியும் ஒரே இடத்தில் நின்றால் கணக்கு நேராகிவிட்டது என்று அர்த்தம்.

டிஸ்கி: எந்தப் போனில் எந்த சுவிட்ச் எங்கே ஒளிந்திருக்கும் என்று கம்பெனிக்குக் கம்பெனி மாறும். செட்டிங்ஸைத் திறந்து மேலே தேடும் பெட்டியில் 'இருப்பிடம்' என்று தட்டினால் வந்துவிடும். அதற்கும் வராவிட்டால் இருக்கவே இருக்கிறார்கள், பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் :-)